கிளாஷ் ரோயல்: ஆட்டம் எங்கே கைவிட்டுப் போகிறது? அறிகுறி பார்த்துப் பிழை நீக்கும் வழி

"அண்ணே, டெக்கை மாத்திட்டேன், அப்பவும் தோக்குறேன்." கிளாஷ் ரோயல் என்ற போன் கேம் ஆடும் ஹட்டன், தலவாக்கலை, பொகவந்தலாவ பக்கத்து மலையகத் தம்பிமாரிடம் அடிக்கடி கேட்கும் முறைப்பாடு இது. டெக்கில், அதாவது ஆடத் தேர்ந்தெடுத்த கார்டுகளில், குறை இருக்கலாம்தான். ஆனால் ரீப்ளே போட்டுப் பார்த்தால் பெரும்பாலும் சங்கதி வேறாக இருக்கும். எல்லோரும் டவர் விழுந்த செக்கனைத்தான் பார்க்கிறார்கள், "அந்த இடத்தில் நைட் கார்டைப் போட்டிருந்தால் தப்பியிருக்கும்" என்கிறார்கள். அதற்கு இருபது முப்பது செக்கனுக்கு முன்பே, எலிக்சர் (கார்ட் போடச் செலவாகும் சக்தி) கணக்கில் ஆட்டம் முடிந்திருக்கும். டவர் விழுவது அதன் அறிகுறி.

அதனால் அறிகுறியிலிருந்து பின்னோக்கிப் போவோம். உங்களுக்கு எது நடக்கிறதோ அந்தப் பகுதியை மட்டும் படித்தாலும் போதும். ஆனால் முதல் அறிகுறியை எல்லோரும் படிக்க வேண்டும், மற்றதெல்லாம் அதன்மேல்தான் நிற்கிறது.

தொடங்குமுன் கையில் இருக்க வேண்டிய எண்கள்

பின்லாந்தின் சூப்பர்செல் கம்பனி 2016 மார்ச்சில் உலகம் முழுவதும் வெளியிட்ட கேம் இது. அதன்பின் எவ்வளவோ கார்ட் வந்துவிட்டது, அடிப்படைக் கணக்கு மாறவில்லை. டெக்கில் 8 கார்ட், கையில் 4. எலிக்சர் 10க்கு மேல் ஏறாது. சாதாரண நேரத்தில் 2.8 செக்கனுக்கு ஒரு எலிக்சர் ஊறும். மூன்று நிமிட ஆட்டத்தின் கடைசி நிமிடத்தில் இரட்டை வேகம். சமமாக இருந்தால் மேலதிகமாக இரண்டு நிமிடம்: முதல் நிமிடம் இரட்டை, அடுத்தது மூன்று மடங்கு.

ஒரு நிமிடத்துக்குச் சுமார் 21 எலிக்சர். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு பேருக்கும் அதே 21தான். லெவல் கூடியவனுக்கும் காசு கட்டியவனுக்கும் ஒரு சொட்டுக்கூட அதிகமாக ஊறாது. யார் குறைவாகச் செலவழித்து மற்றவன் செலவை அழிக்கிறாரோ அவர் பக்கம் ஆட்டம் சாயும்.

அறிகுறி: முதல் இரண்டு நிமிடம் நன்றாகப் போகிறது, கடைசி நிமிடத்தில் நொறுங்கிவிடுகிறது

தலவாக்கலைத் தம்பி ஒருவன் காட்டிய ரீப்ளேயை அப்படியே சொல்கிறேன். இருவருக்கும் எலிக்சர் 10. தம்பி பின்னால் மஸ்கட்டியரைப் போட்டான், செலவு 4. எதிரி, நடுவில் நிற்கும் தன் கிங் டவருக்குப் பின்னால் ஜயண்ட் போட்டான், 5. ஜயண்ட் ஆடி அசைந்து வருகிறது, நேரம் இருக்கிறது. தம்பி உடனே ஆற்றுப் பாலத்தில், அதாவது பிரிட்ஜில், ஹொக் ரைடரை இறக்கினான், 4. எதிரி மினி பெக்காவைப் போட்டு ஹொக்கை வெட்டிவிட்டான், 4. ஹொக் டவரைத் தொட்டதே ஒரு அடிதான். அந்த ஆத்திரத்தில் தம்பி, எலிக்சர் நாலு சேர்ந்ததும் ஃபயர்போலை எடுத்து டவர்மேல் எறிந்தான். டவரைத் தவிர அங்கே எதுவும் இல்லை.

இப்போது கூட்டிப் பாருங்கள். தம்பி செலவு 12, எதிரி செலவு 9. வித்தியாசம் 3. ஜயண்ட் பிரிட்ஜுக்கு வரும்போது எதிரியிடம் 5 இருந்தால் தம்பியிடம் 2தான் இருக்கும். முன்னால் ஜயண்ட், பக்கத்தில் உயிர் பிழைத்த மினி பெக்கா, பின்னால் அவன் புதிதாகப் போடப்போகும் ஒன்று. இரண்டு எலிக்சரை வைத்து இதை யாராலும் மறிக்க முடியாது. "ஜயண்டுக்கு என்ன கவுண்டர் அண்ணே?" என்று தம்பி கேட்டான். கவுண்டர் டெக்கிலேயே இருந்தது. அதைப் போட எலிக்சர்தான் இல்லை.

இந்த வித்தியாசம் சாதாரண நேரத்தில் மெதுவாகத்தான் தெரியும். இரட்டை எலிக்சர் வந்ததும் முன்னால் இருப்பவன் புஷ்மேல் புஷ்ஷாக (தாக்குதல்மேல் தாக்குதலாக) அடுக்குவான். பின்தங்கியவன் மறித்துக்கொண்டே இருப்பான், மூச்சுவிட இடம் கிடைக்காது. கடைசி நிமிடத்தில் நொறுங்குவதாகத் தெரிவது இதனால்தான். உடைந்தது இரண்டாவது நிமிடத்தில்.

செய்ய வேண்டியது இதுதான். ஆட்டம் முழுக்க ஒரே ஒரு எண்ணை மனதில் ஓட்டுங்கள்: நான் முன்னாலா, பின்னாலா, எத்தனை? எதிரியிடம் இந்த நேரம் சரியாக எத்தனை எலிக்சர் என்று தேட வேண்டாம், வித்தியாசம் போதும். அவன் மினியன் ஹோர்ட் போட்டான், 5. நான் அரோஸ் போட்டேன், 3. நான் இரண்டு முன்னால். அவன் ஹொக், 4. என் கெனன், 3. இன்னும் ஒன்று முன்னால். அவன் பெக்கா, 7. நான் ஸ்கெலிட்டன் ஆர்மி, 3, அவன் கையில் ஸாப்போ லொக்கோ (சிறு ஆட்களை அழிக்கும் மலிவான ஸ்பெல், அதாவது மந்திரக் கார்ட்) அப்போது இல்லை. இன்னும் நாலு, மொத்தம் ஏழு முன்னால். தொடக்கத்தில் வாய்விட்டு எண்ணுங்கள், கூச்சப்பட வேண்டாம். கொஞ்ச நாளில் வாய் தேவைப்படாது.

முன்னால் இருக்கும்போது அடியுங்கள். பின்னால் இருக்கும்போது மறியுங்கள், டவரில் கொஞ்சம் அடி விழுந்தாலும் பரவாயில்லை. இந்தத் தம்பிக்கு நான் சொன்ன மாற்றம் இரண்டே இரண்டு. ஜயண்ட் பின்னால் விழுந்தவுடன் ஹொக்கை அதே லேனில் (டவருக்குப் போகும் பாதையில்) இறக்காமல் அடுத்த லேனில் இறக்குவது. அப்போது மினி பெக்கா ஹொக்கை வெட்டினாலும் ஜயண்டுக்குத் துணையாக நடக்காது. இரண்டாவது, ஃபயர்போலைக் கையில் வைத்திருப்பது. ஜயண்டுக்குப் பின்னால் மஸ்கட்டியரோ விஸார்டோ வரும்போது அந்த நாலு எலிக்சர் அப்போது வேலை செய்யும்.

இதற்கு எதிர்ப்பக்கமும் ஒன்று உண்டு. சிலர் பயந்து எதையும் போடாமல் இருப்பார்கள், எலிக்சர் 10இல் நின்றுவிடும். அங்கே நிற்கும் ஒவ்வொரு 2.8 செக்கனுக்கும் ஒரு எலிக்சர் மண்ணுக்குப் போகிறது. பத்து செக்கன் அப்படி நின்றால் ஒரு கெனன் போடுமளவுக்கு நட்டம். நல்ல கை வரவில்லையென்றால் ஸ்கெலிட்டனையோ ஐஸ் ஸ்பிரிட்டையோ பின்னால் போட்டுவிடுங்கள். ஒரு எலிக்சரில் கை ஒரு கார்ட் நகரும். ரீப்ளே பார்க்கும்போது முதலில் எலிக்சர் பட்டையைத்தான் பாருங்கள், சண்டையைப் பிறகு பார்க்கலாம்.

அறிகுறி: ஒரே கார்ட் திரும்பத் திரும்ப வந்து டவரைச் சுரண்டுகிறது

பெரும்பாலும் கொப்ளின் பெரல், டவர்மேல் எறியும் கொப்ளின் பீப்பாய். சில நேரம் ஹொக். இரண்டுக்கும் மருந்து கார்ட் சுற்றைக் கணக்கிடுவதில் இருக்கிறது.

எட்டுக் கார்ட் டெக்கில் ஒரு கார்டைப் போட்டால் வேறு நாலு கார்ட் போட்ட பிறகுதான் அது கைக்கு வரும். தோட்டத்தில் கொழுந்து ரவுண்ட் மாதிரித்தான். இன்றைக்கு எடுத்த மலைக்கு, மற்ற மலைகளைச் சுற்றிவிட்டுத்தான் மறுபடி போவார்கள், நடுவில் அங்கே போனால் கொழுந்து இருக்காது. எதிரி பெரலை எறிந்த நொடியிலிருந்து எண்ணத் தொடங்குங்கள்: ஒன்று, நைட் போட்டான். இரண்டு, ஐஸ் ஸ்பிரிட். மூன்று, கொப்ளின் கேங். நான்காவது கார்ட் விழும்வரை பெரல் வராது. அதுவரை உங்கள் லொக்கை வேறு வேலைக்குப் பயன்படுத்தலாம், உங்கள் சுற்றில் அது திரும்பி வந்துவிடும் என்றால் மட்டும். நான்காவது விழுந்துவிட்டால் லொக் கையிலேயே இருக்கட்டும். பிரின்சஸ் என்ற வில்லாளி தூரத்தில் நின்று டவரைச் சுட்டாலும் லொக்கைத் தொடாதீர்கள். அவன் பிரின்சஸை அங்கே நிறுத்துவதே உங்கள் லொக்கைப் பிடுங்குவதற்குத்தான்.

லொக் பெய்ட் என்கிற டெக் முழுக்க இந்த ஒரே தந்திரத்தில் ஓடுகிறது. பெரல், பிரின்சஸ், கொப்ளின் கேங் மூன்றும் 3 எலிக்சர், மூன்றுக்கும் லொக்தான் நல்ல பதில், உங்களிடம் லொக் ஒன்றுதான். எனவே மூன்றில் எதற்கு லொக், மற்ற இரண்டுக்கு என்ன என்று ஆட்டம் தொடங்கும்போதே முடிவு செய்துவிட வேண்டும். என் முடிவு எப்போதும் ஒன்றுதான்: லொக் பெரலுக்கு. கேங்குக்கு நைட் அல்லது வல்கிரி. பிரின்சஸுக்கு, எலிக்சர் இருந்தால் அதே பக்கம் ஒரு புஷ் எடுத்துப் போகும்போது அதோடு முடிந்துவிடும்.

ஹொக் என்றால் வேறு கதை. ஹொக்குக்குக் கட்டடங்கள்தான் குறி, ஆட்களைத் திரும்பியும் பார்க்காது. கெனனையோ டெஸ்லாவையோ நடுவில், பக்கத்துக்கு ஒன்றாக நிற்கும் இரண்டு பிரின்சஸ் டவருக்கும் இடைப்பட்ட கோட்டில், ஆற்றிலிருந்து மூன்று நாலு கட்டம் உள்ளே வையுங்கள். ஹொக் அங்கே திரும்பும், இரண்டு பிரின்சஸ் டவரும் சேர்ந்து சுடும். பலர் கெனனை டவருக்கு ஒட்டிப் பக்கத்தில் வைக்கிறார்கள். அப்படி வைத்தால் ஒரு டவர்தான் சுடும். இன்னொரு பிழை, ஹொக் டவரை நெருங்கிய பிறகு கட்டடம் வைப்பது. வைத்த கார்ட் நிமிர ஏறத்தாழ ஒரு செக்கன் எடுக்கும், ஹொக் அந்த ஒரு செக்கனில் தூரம் ஓடிவிடும். பிரிட்ஜைத் தாண்டும்போதே விரல் இறங்கியிருக்க வேண்டும்.

உங்கள் டெக்கில் டொர்னாடோ இருந்தால் இதைவிட நல்ல வழி இருக்கிறது. ஹொக்கைக் கிங் டவருக்கு முன்னால் இழுத்து ஒரு அடி வாங்க வையுங்கள். கிங் டவர் தூங்கிக்கொண்டுதான் இருக்கும். அதன்மேல் அடி விழுந்தாலோ ஒரு பிரின்சஸ் டவர் விழுந்தாலோதான் விழிக்கும். ஒருமுறை விழித்துவிட்டால் ஆட்டம் முடியும்வரை உங்களுக்கு மூன்று டவர் சுடும். இதே காரணத்துக்காக, பிரின்சஸ் டவருக்கு ஃபயர்போல் எறியும்போது அதன் ஓரம் எதிரியின் கிங் டவரில் படாமல் பாருங்கள்.

எதிரியின் சுற்றை எண்ணுவதுபோல உங்கள் சுற்றையும் எண்ணுங்கள். ஹொக் சைக்கிள் என்று பெயர் போன டெக் இது: ஹொக் 4, மஸ்கட்டியர் 4, ஃபயர்போல் 4, கெனன் 3, லொக் 2, ஐஸ் கோலெம் 2, ஐஸ் ஸ்பிரிட் 1, ஸ்கெலிட்டன் 1. மொத்தம் 21. ஹொக் போட்டபின் மலிவான நாலையும் சுற்றினால் 6 எலிக்சரில் ஹொக் மறுபடி கையில். பதினேழு செக்கன்கூட ஆகாது. எதிரியின் கெனன் அதற்குள் அவன் கைக்குத் திரும்பியிருக்காது. இந்த டெக் ஓடும் விதமே இதுதான், ஹொக்கின் பலத்தை நம்பி யாரும் இதை எடுப்பதில்லை. சாம்பியன் கார்டுகளை மட்டும் தனியாகக் கவனியுங்கள். அவை களத்தில் உயிரோடு நிற்கும்வரை சுற்றில் திரும்பி வராது.

அறிகுறி: கோலெம் வந்தால் எதுவுமே செய்ய முடியவில்லை

கோலெமுக்கு 8 எலிக்சர். அதைச் சேர்க்க இருபத்திரண்டு செக்கன் ஆகும். எதிரி அதைக் கிங் டவருக்குப் பின்னால் வைக்கும் அந்த நொடியில் அவன் கையில் அதிகபட்சம் 2தான் இருக்கும். ஆட்டத்திலேயே அவன் மிகவும் பலவீனமாக இருக்கும் நேரம் அது. நம் பையன்கள் அந்த நேரத்தில்தான் பயந்து எலிக்சர் சேர்க்கத் தொடங்குகிறார்கள். கோலெம் ஆற்றைத் தாண்டும்போது அவனிடமும் எலிக்சர் நிறைந்துவிடும்.

சாதாரண எலிக்சர் நேரமென்றால் உடனே எதிர் லேனில் அடியுங்கள். ஹொக்கோடு ஐஸ் ஸ்பிரிட், அல்லது உங்கள் டெக்கில் உள்ள எந்த வேகமான கார்டும். அவன் அதை மறிக்கச் செலவழிக்கும் ஒவ்வொரு எலிக்சரும் கோலெமுக்குத் துணையாக வர வேண்டியது. மறிக்காவிட்டால் டவரில் பாதி போகும். இரட்டை எலிக்சர் நேரத்தில் இது அவ்வளவு எடுபடாது, அவன் கை சீக்கிரம் நிறைந்துவிடும்.

வந்துவிட்ட புஷ்ஷை மறிக்கும்போது கோலெமைச் சுடாதீர்கள். அது மெதுவாக நடக்கும் பாறை, அதனால் தனியாக உங்கள் டவரை முடிக்க நேரம் எடுக்கும். பின்னால் வரும் நைட் விச், பேபி டிராகன் இவற்றைத்தான் முதலில் முடிக்க வேண்டும். கட்டடத்தை நடுவில் வைத்துக் கோலெமைத் திருப்புங்கள், துணைகள்மேல் ஆட்களை இறக்குங்கள். கோலெம் சாகும்போது வெடிக்கும், இரண்டு குட்டியாகவும் பிரியும். அதனால் கடைசி அடி விழும் இடத்தில் உங்கள் மஸ்கட்டியர் ஒட்டி நிற்கக்கூடாது. இன்ஃபெர்னோ டவர் கோலெமை உருக்கிவிடும், ஆனால் எதிரியிடம் ஸாப் இருந்தால் சூடேறிய கதிர் முதலிலிருந்து தொடங்கும். அவன் ஸாப்பை வேறெதற்காவது செலவழித்த பிறகு இன்ஃபெர்னோவை வையுங்கள்.

அறிகுறி: பலூன் ஒன்று வந்தாலே டவர் போய்விடுகிறது

இது டெக்கில் உள்ள ஓட்டை. கெனன், நைட், வல்கிரி, மினி பெக்கா, லொக் எதுவும் வானத்தைத் தொடாது. டெக்கை விரித்து வானத்தைச் சுடக்கூடியவை எத்தனை என்று எண்ணுங்கள். ஆட்களில் குறைந்தது இரண்டு இருக்க வேண்டும்: மஸ்கட்டியர், ஆர்ச்சர்ஸ், மெகா மினியன், எலக்ட்ரோ விஸார்ட் போன்றவை. ஒன்று மட்டும் இருந்தால் எதிரி அதற்கு ஃபயர்போலை வைத்துக்கொண்டு காத்திருப்பான்.

பலூனும் கட்டடத்தைத்தான் தேடும். கெனனால் பலூனைச் சுட முடியாது, ஆனால் தன் பக்கம் இழுத்துக்கொள்ளும். அந்த நேரத்தில் மஸ்கட்டியர் சுடட்டும். மஸ்கட்டியரை டவருக்கு ஒட்டி நிறுத்தாதீர்கள். ஒரே ஃபயர்போலில் அவளும் டவரும் சேர்ந்து அடிபடுவார்கள்.

அறிகுறி: மெகா நைட் குதித்தால் என் ஆட்கள் எல்லாம் ஒரேயடியாகப் போகிறார்கள்

ஆட்களை முதலில் போடுவது நீங்கள்தான், அதனால்தான் போகிறார்கள். எதிரியிடம் மெகா நைட் இருப்பது தெரிந்துவிட்டால் கூட்டமான கார்டுகளை அவனுக்கு முன்னால் இறக்காதீர்கள். அவன் 7 எலிக்சர் செலவழித்து இறக்கட்டும், பிறகு நீங்கள் பதில் சொல்லுங்கள். ஐஸ் கோலெமை நடுவில் போட்டு அவனை ஒரு லேனிலிருந்து மற்ற லேனுக்கு நடக்க வைத்தால் இரண்டு டவரும் சுடும். பக்கத்தில் மினி பெக்கா இருந்தால் வேலை முடிந்தது. மெகா நைட்டாலும் வானத்தை அடிக்க முடியாது. பெக்கா, பிரின்ஸ் இரண்டுக்கும் இதே நடுவழி இழுப்புத்தான். பிரின்ஸுக்கு ஒரு எலிக்சர் ஸ்கெலிட்டனே பல நேரம் போதும், அவன் பாய்ச்சல் அதில் வீணாகிவிடும்.

அறிகுறி: அடி சமமாகத்தான் போகிறது, கடைசியில் எப்படியோ தோல்வி

மேலதிக நேரமும் சமமாக முடிந்தால் எல்லா டவரின் உயிரும் ஒரே சீராகக் குறையும், யாருடைய டவர் ஆகக் குறைந்த உயிரோடு இருக்கிறதோ அது முதலில் விழும். எனவே கடைசி நிமிடத்தில் பார்க்க வேண்டியது டவர்மேல் ஓடும் எண். உங்கள் ஆகக் குறைந்த டவரையும் அவனுடையதையும் ஒப்பிடுங்கள். நீங்கள் முன்னால் என்றால் புஷ் எதுவும் வேண்டாம், மறித்தால் போதும். பின்னால் என்றால் ஸ்பெல்லால் எத்தனை தடவை எட்டும் என்று முன்கூட்டியே கணக்குப் பாருங்கள். ஸ்பெல்லின் அடி டவர்மேல் குறைத்துத்தான் விழும், கார்டைத் தொட்டால் டவருக்கான எண் தனியாகப் போட்டிருக்கும். அதை ஆட்டத்துக்கு முன்பே மனப்பாடம் செய்யுங்கள்.

அறிகுறி: எதிரி லெவல் கூட, அதனால்தான் தோற்கிறேன்

சில ஆட்டம் உண்மையாகவே அப்படித்தான். ஒரு லெவலுக்கு உயிரும் அடியும் ஏறத்தாழ பத்து வீதம் கூடும். மூன்று லெவல் வித்தியாசமென்றால் மூன்றில் ஒரு பங்கு பலம் அதிகம். அதைவிட முக்கியம், சில இடங்களில் ஒரே லெவல் வித்தியாசம் முழுப் பதிலையும் மாற்றிவிடுகிறது. சம லெவலில் ஃபயர்போல் விழுந்தாலும் மஸ்கட்டியர் கொஞ்சம் உயிரோடு தப்புவாள். ஃபயர்போல் ஒரு லெவல் கூடினால் அந்த அடியிலேயே முடிந்துவிடுவாள்.

கோல்டைப் பத்து டெக்குக்குப் பிரித்துப் போடுவதை நிறுத்துங்கள். எங்கள் கிளானில் (விளையாட்டுக் குழுவில்) புதிதாக வரும் பிள்ளைகளுக்கு நான் கண்டிப்பாகச் சொல்வது இது மட்டும்தான்: எட்டுக் கார்ட், அவ்வளவுதான். அதிலும் முதலில் ஸ்பெல்களை ஏற்றுங்கள், இந்த ஒரு லெவல் விளிம்பு அவற்றில்தான் அதிகம் உறைக்கும். எவலூஷன் (கார்டின் மேம்பட்ட வடிவம்) கார்ட் இருந்தால் அது உள்ள டெக்கையே தேர்ந்தெடுங்கள்.

உங்கள் விளையாட்டுத் திறமையை அளக்க வேண்டுமென்றால் கிளானுக்குள் ஃப்ரெண்ட்லி ஆடுங்கள். அங்கே லெவல் குறுக்கே வராது. தோட்டத்தின் மேல்கணக்குப் (மேல் பிரிவு) பையன்களும் பணியக்கணக்குப் (கீழ்ப் பிரிவு) பையன்களும் ஞாயிறு பின்னேரம் அப்படி மோதுவதைப் பார்த்திருக்கிறேன், ராங்கில் மேலே இருப்பவன் அங்கே தோற்பதும் நடக்கும்.

அறிகுறி: போட்ட கார்ட் லேட்டாக விழுகிறது, அல்லது விழவேயில்லை

மலையில் இருக்கும் நமக்கு இது பெரிய தொல்லை. தகரக் கூரைக்குக் கீழே, லயத்தின் உள் அறையில் சிக்னல் பாதியாகிவிடும். உலோகம் அலையை மறிக்கும். இஸ்தோப்புக்கு (வாசல் திண்ணைக்கு) வந்து, சிக்னல் டவர் தெரியும் மலைப்பக்கம் பார்த்து உட்காருங்கள், வித்தியாசம் உடனே தெரியும். போனின் நெட்வர்க் 3ஜிக்கும் 4ஜிக்கும் தாவிக்கொண்டிருந்தால் செட்டிங்கில் ஒன்றில் நிறுத்திவிடுங்கள். தாவும் அந்த இரண்டு செக்கன்தான் ஹொக்கை உள்ளே விடுகிறது. பின்னால் எந்த ஆப்பும் அப்டேட் ஆகக்கூடாது, வீட்டில் ஒரே ஹொட்ஸ்பொட்டில் தங்கச்சி சூம் வகுப்பில் இருந்தால் அந்த நேரம் ராங்க் ஆட வேண்டாம். பேட்டரி சேவரை நிறுத்துங்கள்.

ஆட்டத்தின் நடுவே இணைப்பு அறுந்தால் ஆட்டம் நிற்காது, எதிரி அடித்துக்கொண்டே இருப்பான். திரும்பச் சேரலாம், ஆனால் போனது போனதுதான். ரயிலில் போகிறவர்கள் ஹட்டனுக்கும் கொட்டகலைக்கும் இடையே சிங்கமலைச் சுரங்கத்துக்கு முன்னால் புதிய ஆட்டம் தொடங்காதீர்கள்.

சிக்னல் எப்போதும் பலவீனம்தான், வேறு வழியில்லை என்றால் டெக்கை அதற்கேற்ப அமையுங்கள். டொர்னாடோ, கடைசி நொடி லொக், பாய்ந்து வரும் பிரின்ஸுக்கு ஸ்கெலிட்டன் இவையெல்லாம் நொடி பிசகாமல் விழ வேண்டியவை. லேட்டாக விழுந்தால் பயனில்லை. அதற்குப் பதிலாக முன்கூட்டியே வைத்துவிடக்கூடிய கட்டடம், பின்னாலிருந்து மெதுவாக நடந்துவரும் ஜயண்ட், பரந்த இடத்தில் விழும் அரோஸ் உள்ள டெக் ஒரு செக்கன் தாமதத்தைத் தாங்கும். மஸ்கெலியாப் பக்கம் மழை மாதங்களில் விளையாடும் ஒருவருக்கு நான் ஹொக் சைக்கிளைப் பரிந்துரைக்கவே மாட்டேன், எவ்வளவு நல்ல டெக்காக இருந்தாலும்.

அறிகுறி: ஒன்று தோற்றால் வரிசையாக ஐந்தாறு தோற்கிறேன்

முதலில் எதிரியின் எமோட்டை மியூட் செய்யுங்கள், ஆட்டம் தொடங்கியவுடனேயே. சிரிக்கும் ராஜாவைப் பார்த்துத்தான் பல ஃபயர்போல் டவர்மேல் வீணாகப் போகிறது.

பிறகு, தோற்றவுடன் "பேட்டில்" பொத்தானை அழுத்தாமல் பேட்டில் லொக்கை (ஆடிய ஆட்டங்களின் பட்டியலை) திறந்து அந்த ஆட்டத்தின் ரீப்ளேயைப் போடுங்கள். டவர் விழும் நேரத்தைக் குறித்துக்கொண்டு, அதற்கு முப்பது செக்கன் முன்பு என்ன நடந்தது என்று பாருங்கள். அந்த நேரத்தில் எலிக்சர் பட்டை எங்கே நிற்கிறது, கடைசியாகப் போட்ட மூன்று கார்டில் எது வெறுமனே போனது என்று பாருங்கள். காரணம் பிடிபட்டால் அடுத்த ஆட்டம் ஆடலாம். பிடிபடாவிட்டால் அதே டெக்கோடு கிளானில் ஒருவரைக் கூப்பிட்டு, எதிரி போட்ட அதே கார்டுகளை அவரைப் போடச் சொல்லி, அந்தப் புஷ்ஷை மட்டும் நாலைந்து முறை மறித்துப் பழகுங்கள்.